உப்பும் துரோகமும்: மலின்ச்சே என்கிற அடிமைப் பெண்ணை முன்வைத்து

மெக்சிகோவில் இருட்டிய பிறகு பிள்ளைகளை ஆற்றங்கரைக்குப் போகவிடாமல் தடுக்கப் பெரியவர்கள் சொல்கிற கதை ஒன்று உண்டு. லா யொரோனா கதை. யொரோனா என்றால் அழுகிறவள். வெள்ளை உடுத்தி, முடியை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு, தண்ணீர் உள்ள இடமெல்லாம் அலைவாள். ஆறு, ஏரி, வாய்க்கால் எதையும் விடமாட்டாள். ‘ஐயோ எம் புள்ளைங்களே’ என்று ராத்திரியெல்லாம் ஓலமிடுவாள். வழியில் அகப்படுகிற பிள்ளையைத் தன் பிள்ளை என்று நினைத்துத் தண்ணீருக்குள் இழுத்துக்கொண்டு போய்விடுவாள். எல்லை தாண்டிப் போய் அமெரிக்காவின் தென்மேற்குப் பகுதிகளில் பண்ணைக் கூலிகளாக உழைத்த குடும்பங்களும் இந்தக் கதையைக் கையோடு கொண்டு போயின.

ஏன் அழுகிறாள்? ஊருக்கு ஊர் கதை மாறும். பரவலாகச் சொல்லப்படுவது இதுதான். அவள் ஒரு ஏழைப் பெண். பல வடிவங்களில் பூர்வகுடிப் பெண். பணமும் குதிரையும் உள்ள ஒருத்தன், பெரும்பாலும் ஸ்பானியன், அவளோடு வாழ்கிறான். பிள்ளைகள் பிறக்கின்றன. ஒருநாள் அவளை விட்டுவிட்டுத் தன் அந்தஸ்துக்கு ஏற்ற பெண்ணைக் கட்டிக்கொள்ளப் போய்விடுகிறான். அவள் வெறிபிடித்துப் பிள்ளைகளை ஆற்றில் அமுக்கிக் கொன்றுவிடுகிறாள். தானும் செத்துப்போகிறாள். செத்த பிறகும் நிம்மதி இல்லை. பிள்ளைகளைத் தேடிக் கண்டுபிடிக்கிற வரைக்கும் அலை என்று சபிக்கப்பட்டுவிடுகிறாள்.

சரி, அந்த ஆள் என்ன ஆனான்? கதைக்கு அதைப் பற்றிப் பெரிதாகக் கவலை இல்லை. கட்டிக்கொண்டவளோடு நன்றாகவே இருந்திருப்பான். நூற்றாண்டுக் கணக்கில் அலைகிறது அவள்தான். கைவிட்டவனுக்குப் பேயுருவம் கிடையாது. கைவிடப்பட்டவளுக்குத்தான் உண்டு.

நாட்டார் கதை என்றாலே அது மக்களின் குரல், அடித்தட்டின் குரல் என்று பாராட்டிவிட்டுப் போகிற வழக்கம் நம்மிடையே இருக்கிறது. நான் அதைச் சந்தேகத்தோடுதான் பார்க்கிறேன். ஒடுக்கப்பட்டவர்களின் வாய்வழியே வருகிற கதை ஒடுக்கியவனின் தீர்ப்பையும் சுமந்துகொண்டு வரலாம். சொல்கிறவளே தனக்கு எதிரான தீர்ப்பைத் தன் பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்கலாம். எனவே கதையைப் பாராட்டுவதற்கு முன்னால் ஒன்றைக் கேட்க வேண்டும். ஒரு பெண்ணை, ஒரு சனத்தைக் குற்றவாளி என்று சொல்ல யாருக்கு உரிமை இருக்கிறது?

*

அழுகிற பெண்ணுக்குப் பழைய வரலாறு உண்டு. பெர்னார்தினோ தெ சாகுன் என்ற பிரான்சிஸ்கன் பாதிரியார் 16-ம் நூற்றாண்டில் நாவா மக்களின் வாழ்க்கையை அவர்களுடைய நாவாட்ல் மொழியிலேயே தொகுத்தார். அவர் பெயரைச் சொன்னாலும் பாடுபட்டவர்கள் நாவா முதியவர்களும், த்லதெலோல்கோவில் 1536-ல் தொடங்கப்பட்ட கல்லூரியில் படித்த நாவா இளைஞர்களும்தான். மொத்தம் 12 நூல்கள். 1577 வாக்கில் முடிந்தது. இத்தாலியின் பிளாரன்ஸ் நகரத்து நூலகத்தில் இருப்பதால் அதைப் பிளாரன்ஸ் சுவடி என்கிறார்கள். அதன் 12-ம் நூலில், ஸ்பானியர் வருவதற்கு முன்பு தெனோச்தித்லான் நகரத்தில் தோன்றியதாக 8 கெட்ட சகுனங்கள் சொல்லப்படுகின்றன. ஆறாவது சகுனம் இரவில் அழுத பெண். பிள்ளைகளை எங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பது என்று தெரியாமல் அவள் அழுதாளாம். முதல் நூலில் சிவாகோவாட்ல் என்ற பெண் தெய்வம் இரவில் அழுது திரிவதாக வருகிறது.

இந்தச் சகுனங்களை அப்படியே நம்ப வேண்டியதில்லை. நகரம் விழுந்து பல பத்தாண்டுகள் கழித்து எழுதப்பட்டவை இவை. நடந்து முடிந்த அழிவுக்கு அர்த்தம் தேடிப் பின்னால் கட்டியவை என்றே ஆய்வாளர் பலர் பார்க்கிறார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. அந்தப் பழைய அழுகையில் தாய் கொலைகாரி இல்லை. வரப்போகிற நாசத்திலிருந்து பிள்ளைகளை எங்கே ஒளிப்பது என்று தவிக்கிற தாய். பின்னால் வந்த கதையிலோ அவளே பிள்ளைகளைக் கொன்றவள். பிள்ளைகளைக் கொன்ற தாயின் கதை ஐரோப்பாவிலும் உண்டு, கிரேக்க மெதேயாவைப் போல. இரண்டும் வழியில் எங்கேயோ கலந்திருக்கலாம். எப்படிக் கலந்திருந்தாலும் ஒரு வேலை நடந்து முடிந்துவிட்டது. 1520-ல் பெரியம்மை வந்தது. 1521 ஆகஸ்டு 13-ல், எழுபது நாளுக்கு மேல் நீடித்த முற்றுகைக்குப் பிறகு, நகரம் விழுந்தது. பிள்ளைகள் நோயில் செத்தார்கள், பட்டினியில் செத்தார்கள், வாளில் செத்தார்கள். கதையிலோ அவர்களைத் தாய் கொன்றாள்.

இன்றைக்கு மெக்சிகோ நகரத்தின் சோச்சிமில்கோ கால்வாய்களில், இறந்தோர் நாளை ஒட்டி, யொரோனா கதையைப் படகுகளில் நாடகமாக நடத்துகிறார்கள். அங்கே சிவாகோவாட்லையும் கதைக்குள் கொண்டுவருகிறார்கள். பழைய தாயைத் தேடும் முயற்சி ஒருபக்கம் நடந்துகொண்டுதான் இருக்கிறது.

*

யொரோனாவுக்குச் சிலர் பெயரும் வைத்திருக்கிறார்கள். அவள் வேறு யாருமில்லை, மலின்ச்சேதான், சனத்தைக் காட்டிக் கொடுத்த பாவத்துக்குத்தான் இப்படி அழுதுகொண்டு அலைகிறாள் என்பார்கள். மெக்சிகோவின் ஸ்பானிய மொழியில் ‘மலின்ச்சிஸ்தா’ என்பது இன்றும் வசவு. அந்நியச் சரக்கை, அந்நியனை உயர்த்திப் பேசுகிறவனை அப்படித் திட்டுவார்கள். யார் இந்த மலின்ச்சே?

1519 மார்ச்சு மாதம். தபாஸ்கோ கடற்கரைப் பக்கத்தில் போத்தோன்சான் ஊர் மாயா மக்கள் எர்னான் கோர்த்தேஸின் படையோடு மோதித் தோற்றுப்போனார்கள். சமாதானத்துக்காகப் பொன் நகை கொடுத்தார்கள், துணி கொடுத்தார்கள், கூடவே 20 பெண்களையும் கொடுத்தார்கள். அந்த 20 பேரில் ஒருத்தி அவள். சின்ன வயசு. ஞானஸ்நானம் செய்து மரினா என்று பெயர் வைத்துத் தளபதிகளுக்குப் பங்கிட்டார்கள். முதலில் எர்னாந்தெஸ் போர்த்தொகர்ரேரோ என்பவனுக்கு அவளைக் கொடுத்தான் கோர்த்தேஸ். அவன் சில மாதங்களில் ஸ்பெயினுக்குப் போனதும் தானே எடுத்துக்கொண்டான்.

பெற்றவர்கள் வைத்த பெயர் நம்பகமான எந்த ஏட்டிலும் இல்லை. நாவாட்ல் மொழியில் ரகர ஒலி கிடையாது. மரினா அங்கே மலினா ஆனது. அதோடு ‘ட்சின்’ என்ற மரியாதை விகுதியைச் சேர்த்து மலின்ட்சின் என்று மக்கள் கூப்பிட்டார்கள். நம்முடைய ‘அம்மையார்’ மாதிரி வைத்துக்கொள்ளலாம். அதுவே ஸ்பானியர் வாயில் மலின்ச்சே ஆனது. அவள்மேல் பின்னால் விழுந்த வசவுச் சொல் பிறக்கும்போது மரியாதைச் சொல்லாக இருந்தது.

அவளுடைய கதையை ஓரளவு விரிவாகச் சொன்னவன் கோர்த்தேஸோடு போன சிப்பாய் பெர்னால் தியாஸ். வயசான காலத்தில் எழுதினான், புத்தகமாக 1632-ல்தான் வந்தது. அவள் ஊர்த்தலைவன் மகள், தகப்பன் செத்தபின் தாய் வேறு கல்யாணம் செய்து ஆண் பிள்ளை பெற்றாள், அந்தப் பிள்ளைக்குச் சொத்து சேர வேண்டுமென்று பெண்ணை ராத்திரியோடு ராத்திரியாக வேற்றூராரிடம் கொடுத்துவிட்டு, செத்துப்போனாள் என்று ஊருக்குச் சொல்லிவிட்டார்கள், அவர்கள் தபாஸ்கோக்காரர்களுக்குக் கொடுத்தார்கள் என்கிறான். இதில் எவ்வளவு நடந்தது, எவ்வளவு கிழவனின் கதை என்று பிரிக்க முடியாது. ஆனால் ஒரு வினைச்சொல்லைக் கவனியுங்கள். கொடுத்தார்கள், கொடுத்தார்கள், கொடுத்தார்கள். தாய் கொடுத்தாள். வேற்றூரார் கொடுத்தார்கள். தபாஸ்கோக்காரர் கொடுத்தார்கள். கோர்த்தேஸ் கொடுத்தான்.

அடிமைத்தனம் அவளுக்கு ஒன்றைத்தான் விட்டுவைத்தது: மொழி. நாவாட்ல் பிறந்த மொழி. அடிமையாகக் கிடந்த இடத்தில் மாயா மொழி வந்தது. கப்பல் உடைந்து மாயா மக்களிடையே எட்டு வருஷம் கிடந்த அகிலார் என்ற ஸ்பானியனுக்கு மாயா மொழி தெரியும். எனவே கோர்த்தேஸ் ஸ்பானிய மொழியில் பேச, அகிலார் மாயாவில் சொல்ல, அவள் நாவாட்லில் சொன்னாள். பிறகு ஸ்பானிய மொழியையும் பிடித்துக்கொண்டாள். மோக்தெசுமா என்ற பேரரசன் அவள் வாய்வழியாகத்தான் கோர்த்தேஸோடு பேசினான். ஆனால் கோர்த்தேஸ் ஸ்பெயின் அரசனுக்கு எழுதிய நீண்ட கடிதங்களில் அவளுக்குக் கிடைத்த இடம் சில வரிகள்தான்.

1522-ல் கோர்த்தேஸுக்கு ஓர் ஆண் பிள்ளை பெற்றாள். மார்த்தின் என்று பெயர். 1524-ல் அவளை ஹுவான் ஹராமியோ என்ற ஸ்பானியனுக்குக் கட்டிவைத்தார்கள். அவனுக்கு ஒரு பெண் பிள்ளை பெற்றாள். 1520-கள் முடிவதற்குள் செத்துப்போனாள்.

*

இவளைத் துரோகி என்று முதலில் சொன்னது யார்? அவளைக் கண்ணால் பார்த்த காலத்துச் சனம் அப்படிச் சொன்னதாகத் தெரியவில்லை. 1552 வாக்கில் த்லஸ்காலா நாட்டு ஓவியர்கள் துணியில் வரைந்த வரலாற்றுப் படங்களின் பிரதிகள் இருக்கின்றன. காட்சிக்குக் காட்சி அவள் நடுவில் நிற்கிறாள். கை நீட்டிப் பேசுகிறாள். துரோகியை வரைகிற விதமாக அது இல்லை.

துரோகிப் பட்டம் 300 வருஷம் கழித்து வருகிறது. 1821-ல் மெக்சிகோ ஸ்பெயினிடமிருந்து விடுதலை பெற்றது. 1826-ல் பிலடெல்பியாவில் ஆசிரியர் பெயர் இல்லாமல் ஸ்பானிய மொழியில் ஒரு நாவல் வெளிவந்தது. கோர்த்தேஸை எதிர்த்து, 1521-ல் அவனால் தூக்கிலிடப்பட்ட ஷிகோதென்காத்ல் என்ற த்லஸ்காலா வீரனைப் பற்றியது. அதில் மரினா சூதுக்காரி. புது தேசத்துக்கு ஒரு வீரன் தேவைப்பட்டான், ஒரு துரோகியும் தேவைப்பட்டாள். இரண்டுமே கிடைத்துவிட்டன.

அந்தப் புது தேசத்தை யார் ஆண்டார்கள்? பெரும்பாலும் அங்கேயே பிறந்த ஸ்பானிய வம்சத்தார். ஸ்பெயின் அரசன் போன பிறகும் பெரும்பண்ணைகள் போகவில்லை. பூர்வகுடிகள் 1910 புரட்சி வரைக்கும் தலைமுறைக் கடனில் பண்ணையாட்களாகக் கிடந்தார்கள். கோர்த்தேஸின் வாரிசுகள் கோர்த்தேஸ் பிடித்த நிலத்தில் உட்கார்ந்துகொண்டு, கோர்த்தேஸுக்குத் தானமாகக் கொடுக்கப்பட்ட பெண்ணைப் பார்த்து ‘நாட்டைக் காட்டிக் கொடுத்தவள்’ என்றார்கள். இதற்கு மேல் ஒரு வேடிக்கை உண்டா?

1950-ல் ஆக்டேவியோ பாஸ் இந்தப் பட்டத்தை ஒரு தத்துவமாகவே ஆக்கினார். 1962 முதல் 1968 வரை இந்தியாவில் மெக்சிகோவின் தூதராக இருந்தவர், த்லதெலோல்கோவில் மாணவர்களைச் சுட்டதைக் கண்டித்துப் பதவியை விட்டவர், நோபல் பரிசு வாங்கியவர். ‘தனிமையின் புதிர்வழி’ என்ற அவருடைய நூலில் மலின்ச்சேயின் பிள்ளைகள் என்று ஓர் இயல் இருக்கிறது. வன்முறையால் திறக்கப்பட்ட தாயின் பிள்ளைகள் நாங்கள், அந்த வெட்கத்தில்தான் வாழ்கிறோம் என்பது அவருடைய வாதம். கூர்மையான எழுத்துதான். ஆனால் அதில் மலின்ச்சே தானாக விரும்பித் தன்னைக் கொடுத்துக்கொண்டவளாக வருகிறாள். 20 பேரில் ஒருத்தியாகப் பங்கிடப்பட்டவள் எப்போது விரும்பினாள்? ‘கொடுக்கப்பட்டாள்’ என்பது ‘கொடுத்தாள்’ என்று மாறுகிற இந்த இலக்கணத்தில்தான் அதிகாரம் வேலை செய்கிறது. நம் பெண்களைப் பற்றி ஊரில் பேசப்படுகிற பேச்சிலும் இதே இலக்கணத்தைக் கேட்டிருக்கிறோம்.

*

இனி விஷயத்துக்கு வருகிறேன். துரோகம் என்றால் என்ன? எதிரிக்கு உதவுகிற ஒவ்வொருவரும் துரோகி ஆகிவிட மாட்டார்கள். உனக்கும் எனக்கும் ஒரு பந்தம் இருக்க வேண்டும். அந்தப் பந்தத்தில் நான் உன்னிடம் எதையாவது பெற்றிருக்க வேண்டும், நீ என்னை நம்பியிருக்க வேண்டும். அதை நான் முறித்தால் துரோகம். பந்தமே இல்லாத இடத்தில் பகை இருக்கலாம், தீங்கு இருக்கலாம். துரோகம் இருக்க முடியாது.

அவள் அந்த மண்ணில் பிறந்தவள், அந்த ரத்தம், அதனால் கடன்பட்டவள் என்று பதில் வரும். இந்தப் பதிலை நாம் எங்கேயோ கேட்டிருக்கிறோம். பிறந்ததாலேயே ஒருவனுக்குக் கடமை ஒட்டிக்கொள்கிறது, அவன் என்ன பெற்றான் என்று கேட்கத் தேவையில்லை என்பது வருண தர்மத்தின் வாதம். பிறப்பைக் காட்டி ஊழியம் கேட்டால் எதிர்க்கிற நாம், பிறப்பைக் காட்டி விசுவாசம் கேட்டால் மட்டும் எப்படி ஒத்துக்கொள்வது? 1931 ஆகஸ்டில் பம்பாயில் காந்தியைச் சந்தித்த அம்பேத்கர், தனக்குத் தாய்நாடு என்று ஒன்று இல்லை என்று சொன்னது இதைத்தான். நாயைவிடக் கேவலமாக நடத்துகிற இடத்தைத் தாய்நாடு என்று எப்படிச் சொல்வது என்பது அவர் கேள்வி. அவரையும் வெள்ளைக்காரன் கையாள் என்றுதான் சொன்னார்கள்.

இன்னொன்று, 1519-ல் ‘மெக்சிகோ’ என்ற தேசமே இல்லை. தெனோச்தித்லான், தெஸ்கோகோ, த்லகோபான் என்ற மூன்று நகரங்களின் கூட்டு அதிகாரம் இருந்தது. அஸ்டெக் பேரரசு என்று நாம் படிப்பது அதைத்தான். அது சுற்றியிருந்த ஊர்களை அடக்கிக் கப்பம் வாங்கியது. மக்காச்சோளம், பருத்தி, கொக்கோ, பறவை இறகு, சில இடங்களில் பலி கொடுக்க மனிதர்கள். அடங்காத த்லஸ்காலாவைச் சுற்றி வளைத்தார்கள். உப்பும் பருத்தியும் உள்ளே போகவிடாமல் தடுத்தார்கள். அந்தச் சனம் நீண்ட காலம் உப்பில்லாமல் தின்றதாக அன்றைய ஏடுகள் சொல்கின்றன.

‘உப்பிட்டவரை உள்ளளவும் நினை’ என்று நமக்கு ஒரு பழமொழி. விசுவாசத்தின் மொத்த இலக்கணமும் அதில் அடங்கிவிட்டதாக நினைப்பு. பண்ணையில் கூலி கூடக் கேட்டவனிடம் ‘எங்க உப்பத் தின்னுட்டு எங்களுக்கே துரோகமாடா’ என்று கேட்டவர்களை நமக்குத் தெரியும். நெல்லை விளைவித்தது யார், உப்பை விளைவித்தது யார் என்ற கணக்கை அந்தப் பழமொழி கேட்காது. இருக்கட்டும். அந்தப் பழமொழியையே அளவுகோலாக வைத்தாலும் த்லஸ்காலாக்காரன் தெனோச்தித்லானுக்கு என்ன கடன்பட்டான்? உப்பிடாதவரை எதற்காக நினைக்க வேண்டும்? 1521 முற்றுகையில் ஸ்பானியர் ஆயிரம் பேருக்கும் குறைவு. அவர்களோடு நின்ற உள்நாட்டுப் படையோ பல்லாயிரம். ஒரு மொழிபெயர்ப்புக்காரி காட்டிக் கொடுத்ததால் பேரரசு விழவில்லை. அடக்கி வைத்திருந்தவர்கள் அத்தனை பேரும் எதிர்ப்பக்கம் போனது ஒரு பெரிய காரணம். அந்த வரலாற்றை எழுதினால் ஆண்டவன் செய்ததையும் எழுத வேண்டிவரும். அதைவிட ஒரு பெண்ணின் தலையில் கட்டிவிடுவது சுலபம்.

1818 ஜனவரி 1-ல் பீமா கோரேகாவில் பேஷ்வா படைக்கு எதிராகக் கம்பெனிப் படையில் நின்று போரிட்ட மகர் சிப்பாய்களைப் பற்றியும் இதே கேள்வி கேட்கப்படுகிறது. 1927 ஜனவரி 1-ல் அம்பேத்கர் அந்த நினைவுத் தூணுக்குப் போய் நின்றார். பேஷ்வா ஆட்சி அவர்களுக்கு எந்த உப்பைப் போட்டது என்று கேட்டால் துரோகக் குற்றச்சாட்டு அங்கேயே நின்றுவிடும்.

*

இவ்வளவு சொல்லிவிட்டு நிறுத்திக்கொண்டால் அது பாதி உண்மைதான். சொலூலா இருக்கிறது.

1519 அக்டோபர். தெனோச்தித்லானுக்குப் போகிற வழியில் சொலூலா நகரம். பெரிய புண்ணியத் தலம். ஸ்பானியர் சொல்கிற கதை இது: அந்த ஊர்ப் பெரிய வீட்டுக் கிழவி ஒருத்தி மலின்ட்சினிடம் வந்து, உங்களையெல்லாம் கொல்லத் திட்டம் நடக்கிறது, நீ என் வீட்டுக்கு வந்துவிடு, என் மகனுக்குக் கட்டிவைக்கிறேன் என்றாள். மலின்ட்சின் அதைக் கோர்த்தேஸிடம் சொல்லிவிட்டாள். கோர்த்தேஸ் ஊர்ப் பெரியவர்களை முற்றத்துக்கு வரவழைத்து வாசலை அடைத்துக்கொண்டு வெட்டினான். இரண்டு மணி நேரத்தில் மூவாயிரம் பேருக்கு மேல் செத்ததாக அவனே அரசனுக்கு எழுதினான். த்லஸ்காலாப் படையும் சேர்ந்து கொள்ளையடித்தது.

கிழவி கதை கொன்றவர்கள் தரப்பில்தான் இருக்கிறது. பிளாரன்ஸ் சுவடியின் நாவாட்ல் பகுதி த்லஸ்காலாக்காரர்கள் தூண்டிவிட்டதாகச் சொல்கிறது, கிழவியைச் சொல்லவில்லை. படுகொலைக்கு ஒரு நியாயம் வேண்டும், ‘அவதான் வந்து சொன்னா’ என்பதைவிட வசதியான நியாயம் கிடைக்காது. ஆனாலும் ஒரு பேச்சுக்கு அந்தக் கதை உண்மை என்றே வைத்துக்கொள்வோம். சொலூலாவில் செத்தவர்கள் அவளை விற்றவர்கள் இல்லை. அவளுடைய சொல்லில் தொடங்கி அவர்கள் செத்தார்கள் என்றால் அதற்கு என்ன பதில்?

‘அவள் அடிமை, அவளுக்கு வேறு வழி இல்லை’ என்று சொல்லிவிட எனக்கு மனசில்லை. அது அவளைக் காப்பாற்றுவதுபோல் தோன்றினாலும் அவளை ஒரு பொம்மை ஆக்கிவிடுகிறது. மூன்று மொழி பேசி, பேரரசனுக்கு முன்னால் தலைநிமிர்ந்து நின்ற பெண்ணுக்கு அறிவு இருந்தது. அறிவு இருந்தால் பொறுப்பும் இருக்கும். ஒடுக்கப்பட்டவர்கள் தப்பே செய்ய முடியாதவர்கள் என்பது நம்மை மனிதர்களாக ஏற்காத இன்னொரு பேச்சு.

ஆனால் அந்தப் பொறுப்பின் பெயர் துரோகம் அல்ல. எந்தப் பந்தமும் இல்லாத மனிதனுக்குக்கூட நாம் தீங்கு செய்யக்கூடாது என்பது ஒரு கடமை. அந்தக் கடமை பிறப்பிலிருந்து வருவதில்லை, உப்பிலிருந்தும் வருவதில்லை. எதிரில் நிற்கிறவன் மனிதன் என்பதிலிருந்து வருகிறது. அதை அவள் மீறினாளா என்று கேட்கலாம். கேட்கிறபோது சேர்த்துக் கேட்க வேண்டியவை உண்டு: வாள் யார் கையில் இருந்தது, அவள் மறைத்திருந்தால் அவளுக்கு என்ன நடந்திருக்கும், பெரிய வீட்டு மருமகளாகப் போ என்பது இன்னொரு கைமாற்றமா இல்லையா. இத்தனையும் எடைபோட்ட பிறகும் ஏதாவது மிச்சம் இருந்தால் அதைக் கேட்கிற உரிமை சொலூலாவில் செத்தவர்களின் சனத்துக்கு உண்டு. அவளைக் கைமாற்றியவர்களுக்கு இல்லை. 1821-க்குப் பிறகு நிலத்தில் உட்கார்ந்தவர்களுக்கு இல்லவே இல்லை. குற்றம் சாட்டுவதற்கும் தகுதி வேண்டும். கை சுத்தமாக இல்லாதவன் நீதிபதி ஆசனத்தில் உட்கார்ந்தால் குற்றவாளி யாரென்பது முன்பே முடிவாகியிருக்கும்.

எசமானை மாற்றிக்கொள்வது விடுதலை ஆகாது என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. த்லஸ்காலாவுக்குச் சில சலுகைகள் கிடைத்தன. கொஞ்சகாலம்தான். 1545-லும் 1576-லும் வந்த கொள்ளைநோய்கள் கூட்டாளி, எதிரி என்று பார்க்கவில்லை. 1591-ல் வடக்கு எல்லையை நிலைப்படுத்த சுமார் 400 த்லஸ்காலாக் குடும்பங்களை அனுப்பினார்கள். ஸ்பானியனை நம்பியது கணக்குப் பிசகு என்று சொல்லலாம். பிசகு வேறு, துரோகம் வேறு.

*

துரோகிப் பட்டத்தை உதறுகிற வேகத்தில் அவளைத் தெய்வமாக்குகிறவர்களும் இருக்கிறார்கள். கலப்பின தேசத்தின் தாய் என்பார்கள். 1982-ல் மெக்சிகோ நகரின் கொயோவாக்கானில் கோர்த்தேஸ், மலின்ச்சே, பிள்ளை மார்த்தின் மூவரையும் ஒரு குடும்பமாகச் சிலை வைத்தார்கள். எதிர்ப்பு வந்ததும் அங்கிருந்து எடுத்து வேறொரு பூங்காவில் கொண்டுபோய் வைத்தார்கள். அடிமையையும் ஆண்டவனையும் குடும்பப் படமாக ஆக்கிவிட்டால் நடந்தது படையெடுப்பு இல்லை, கல்யாணம் என்று ஆகிவிடும். ‘நாமெல்லாம் கலந்த ரத்தம்’ என்கிற இனிப்பான பேச்சுக்குக் கீழே இன்றைய பூர்வகுடிகளின் நிலப் பிரச்சினையும் மொழிப் பிரச்சினையும் அமுங்கிப்போகும்.

நியாயமான வாசிப்பு பெண்களிடமிருந்து வந்தது. மெக்சிகோவின் ரொசாரியோ கஸ்தெயானோஸ் கவிதையில் விற்கப்பட்ட மகளையே பேசவைத்தார். 1970-களிலிருந்து அமெரிக்காவில் வாழும் மெக்சிக வம்சாவளிப் பெண்கள், துரோகி என்ற சொல் தங்கள்மேலும் வீசப்படுவதைக் கண்டவர்கள், அவள் பக்கம் நின்று எழுதினார்கள். ஆணின் பேச்சை மீறினாலே மலின்ச்சே என்று வசவு விழுந்தது அவர்களுக்கு. குளோரியா அன்சல்துவாவின் ‘எல்லை நிலங்கள்’ 1987-ல் வந்தது. இந்தியப் பெண்ணாகிய நான் அவர்களைக் காட்டிக் கொடுக்கவில்லை, அவர்கள்தான் என்னைக் காட்டிக் கொடுத்தார்கள் என்பது அவருடைய வாதத்தின் சாரம்.

நாட்டுப்புறச் சனமும் ஒரு பதில் வைத்திருக்கிறது. த்லஸ்காலா, புவெப்லா மாநிலங்களின் எல்லையில் 4,400 மீட்டருக்கு மேல் உயர்ந்த எரிமலை ஒன்று நிற்கிறது. பழைய பெயர் மத்லல்குவேயே, நீலப் பாவாடைக்காரி, தண்ணீர்த் தெய்வம். இன்றைக்கு அதன் பெயர் மலின்ச்சே. தேசம் வசவாக வைத்திருக்கிற பெயரில் அந்த மலை நிற்கிறது.

*

அவளுடைய பிள்ளை மார்த்தினைச் சொல்லாமல் முடிக்க முடியாது. 1524-ல் கோர்த்தேஸ் ஓந்துராஸ் படையெடுப்புக்கு அவளைக் கூட்டிக்கொண்டு போனான். இரண்டு வயசுப் பிள்ளையை மெக்சிகோ நகரத்தில் விட்டுவிட்டுப் போக வேண்டியிருந்தது. 1528-ல் கோர்த்தேஸ் அந்தப் பையனை ஸ்பெயினுக்குக் கொண்டுபோனான். 1529-ல் போப்பாண்டவரிடம் வாங்கிய ஆணையால் அவன் முறையான பிள்ளை ஆனான். பிறகு ஸ்பானிய மனைவிக்குப் பிறந்த பிள்ளைக்கும் மார்த்தின் என்றே பெயர் வைத்தான் கோர்த்தேஸ். பட்டமும் சொத்தும் அந்த மார்த்தினுக்குப் போயின. 1560-களில் அரசனுக்கு எதிரான சதி என்று வழக்கு வந்தபோது சித்திரவதைப் பலகையில் கிடந்தவன் அடிமைப் பெண்ணின் மார்த்தின்.

பெயரைக்கூட இரண்டாவது பிள்ளைக்குக் கொடுத்துவிட்டார்கள்.

அந்தப் பிள்ளையை அவள் கொல்லவில்லை. அவளிடமிருந்து எடுத்துக்கொண்டு போனார்கள். அவளும் யொரோனாவும் ஒருத்தியே என்கிற கதையை இந்த விவரத்தோடு வைத்துப் பாருங்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவள் பிள்ளையைக் கொன்றவளாகிறாள். கொடுக்கப்பட்டவள் காட்டிக் கொடுத்தவளாகிறாள். எடுத்துக்கொண்டு போனவன் கதையிலிருந்து நழுவிவிடுகிறான்.

நம்மில் பலர் ஊர் ஊராகப் போய்க் கதை சேகரிக்கிறோம். ஒலிநாடாவில் பதிந்த காலம் போய் இப்போது கைபேசியில் பதிகிறோம். பதிந்ததை அப்படியே அச்சில் போட்டு ‘மக்கள் இலக்கியம்’ என்று பெயர் வைத்துவிட்டால் போதாது. அந்தக் கதையில் யார் பேயாக அலைகிறார், யார் அலையாமல் தப்பித்தார், முதலில் துரோகி என்று சொன்னவன் யார், அன்றைக்கு அவன் யாருடைய நிலத்தில் உட்கார்ந்திருந்தான் என்று கேட்டு எழுத வேண்டும். சொன்ன கிழவியிடமே திரும்பிப் போய், ‘ஆயா, அந்த ஆம்பள என்ன ஆனான்?’ என்று கேளுங்கள். அவளிடம் பதில் இருக்கலாம். இதுவரைக்கும் யாரும் கேட்காததால் சொல்லாமல் வைத்திருந்திருப்பாள்.